எண்ணூருக்கு ஒரு பெயரைச் சொல்லப் போனேன்

வெளிநாட்டிலிருந்து தமிழ்நாட்டுக்கு வருகிறவர்கள் கல்யாணத்துக்கு வருவார்கள், கோயிலுக்கு வருவார்கள், பட்டுப் புடவை எடுக்க வருவார்கள். நான் ஒரு பெயரைச் சொல்ல வந்தேன். ஒரே ஒரு தடவை, சத்தமாக, என் தம்பியின் பெயரை.

பினாங்குக்கு எதிர்க்கரையில் இருக்கும் பட்டர்வொர்த்தில் சாப்பாட்டுக் கடை வைத்திருப்பவள் நான். அப்பா எண்ணூர்க்காரர். கப்பல் வேலைக்கு அங்கே வந்தவர், தெலுங்கு வீட்டுப் பெண்ணான என் அம்மாவைக் கட்டிக்கொண்டார். அம்மா சீக்கிரமே போய்ச் சேர்ந்ததும், என்னை மாமா வீட்டில் விட்டுவிட்டு ஊருக்கே திரும்பிவிட்டார். அங்கே மறுபடியும் கல்யாணம், ஒரு மகன். அவன்தான் எல்லப்பன். நேரில் நாங்கள் பார்த்துக்கொண்டது அவன் பினாங்குக்கு வந்த இரண்டு தடவைதான். மற்றபடி எனக்கு அவன் தொலைபேசியில் ஒரு குரல். வாராவாரம் பேசுவான். நான் கடையில் என்ன குழம்பு வைத்தேன் என்பதிலிருந்து ஆரம்பித்து, அதை எப்படி வைத்திருக்க வேண்டும் என்பதில் முடிப்பான். எரிச்சலாக இருக்கும். அந்த எரிச்சலுக்காகவே காத்திருப்பேன்.

நான்கு வருஷத்துக்கு முன் ஒரு சாயங்காலம் அவன் முகத்துவாரத்தில் நண்டு வலை போடப் போனான். படகு தானாகக் கரை ஒதுங்கியது. அவன் வரவில்லை. உடலும் கிடைக்கவில்லை.

இந்த வருஷம் அவன் மனைவி காந்தா கூப்பிட்டாள். "அண்ணி, நீங்க வந்து பேர் சொல்லணும். வூட்ல வெளக்கு ஏத்தணும்" என்றாள். எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. அவள் விளக்கியதில் புரிந்த மட்டும் சொல்கிறேன். அந்த மீனவக் குப்பத்தில் ஒருவர் காணாமல் போய், உடலும் கிடைக்காவிட்டால், அவர் வீட்டில் அந்தி விளக்கு ஏற்ற மாட்டார்கள். அவருடைய ரத்த சொந்தத்தில் மூத்தவர் ஒருவர் வந்து பெயர் சொல்லிக் கூப்பிட்ட பிறகுதான் ஏற்றலாம். மனைவி கணவன் பெயரைச் சொல்ல மாட்டாள். மகள் அப்பா என்றுதான் சொல்வாள். எல்லப்பனை 'எல்லப்பா' என்று கூப்பிட உரிமையுள்ளவர்களில் உயிரோடு மிச்சம் இருப்பது நான் ஒருத்திதான்.

இவ்வளவு வருஷம் காத்திருந்தவளுக்கு இப்போது என்ன அவசரம் என்றால், மகள் மாசமாக இருக்கிறாள். தலைப்பிரசவம். விளக்கில்லாத வீட்டுக்குக் குழந்தையைக் கொண்டுவரக் கூடாதாம். அதனால் கடையை என் மகனிடம் ஒப்படைத்துவிட்டு, அவன் சாம்பாரில் என்ன செய்துவைப்பானோ என்ற கவலையோடு கிளம்பினேன்.

எண்ணூர் சாலையில் ஆட்டோ நுழைந்தபோது வெயில் இறங்கிவிட்டது. ஒரு பக்கம் கடல், மறுபக்கம் கன்டெய்னர் லாரிகள். லாரிகள் ஒன்றன் பின் ஒன்றாக அசையாமல் நிற்கின்றன. ஓட்டுநர்கள் அடியில் பாய் விரித்துப் படுத்திருக்கிறார்கள். எங்கள் ஊரிலும் துறைமுகம் உண்டு, லாரிகள் உண்டு. ஆனால் லாரிக்கு அடியில் துவைத்த லுங்கி காயப்போட்டுக் குடித்தனம் நடத்துவதை இங்கேதான் பார்த்தேன்.

குப்பத்துக்குத் திரும்பும் முனையில் ஆட்டோக்காரர் வண்டியை ஓரங்கட்டினார். விளக்கை அணைத்தார். கைகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

"என்னங்க, வண்டி ரிப்பேரா?"

அவர் உதட்டில் விரலை வைத்துக் காட்டினார். தூரத்தில் அனல் மின் நிலையத்துப் புகைபோக்கிகளுக்குப் பின்னால் வானம் சாம்பல் நிறமாக இருந்தது. பகலும் இல்லை, இரவும் இல்லை. ஒரு நாய்கூடக் குரைக்கவில்லை. எனக்குப் பொறுமை என்பது பிறவியிலேயே கிடையாது. கைப்பையை மட்டும் எடுத்துக்கொண்டு இறங்கி நடந்தேன்.

தெருக்கோடியில் மேடிட்ட வயிற்றோடு ஒரு பெண் நின்றிருந்தாள். கைப்பேசியில் எத்தனையோ தடவை பார்த்த முகம். தம்பி மகளேதான். சந்தோஷம் தாங்காமல், கடையில் ஐந்தாவது மேஜைக்குச் சோறு கேட்கிற அதே தொண்டையில், அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன்.

தெருவே என்னைப் பார்த்தது. வலை பிரித்துக்கொண்டிருந்தவர் கை நின்றது. ஒரு தாய் தன் குழந்தையின் வாயைப் பொத்தினாள். தம்பி மகள் என்னை நேராகப் பார்த்தாள். உதடுகளை இறுக்கி மூடிக்கொண்டாள். கண்ணில் அப்படி ஒரு பயம். அப்படியே பின்னால் நடந்து வீட்டுக்குள் போய்விட்டாள். இவ்வளவு தூரம் பறந்து வந்த அத்தைக்கு இதுதான் வரவேற்பா என்று எனக்கு அழுகையே வந்துவிட்டது.

நின்றது நின்றபடி நின்றேன். பிறகு தெருவிளக்குகள் ஒரே சமயத்தில் எரிந்தன. யாரோ ரேடியோவைத் திருகிவிட்டது போல எல்லாரும் பேச ஆரம்பித்தார்கள். ஆற்றங்கரைப் பக்கமிருந்து ஈரக் காலோடு காந்தா ஓடி வந்தாள்.

"அண்ணி! பேரச் சொல்லிட்டீங்களா?"

"உன் புருஷன் பேரையா? அதுக்குள்ளேயா?"

"ஐயோ, எம்பொண்ணு பேர!" என்று தலையில் அடித்துக்கொண்டாள். "நல்லவேள, அவ வாயத் தொறக்கல."

சாப்பிடும்போதுதான் முழுக் கதையும் வந்தது. கானாங்கத்தை மீன் குழம்பும் இறால் வறுவலும் பரிமாறிக்கொண்டே சொன்னாள். அந்தியும் இரவும் சந்திக்கிற கொஞ்ச நேரம் கருக்கலம்மா என்கிற சாமிக்குச் சொந்தம். அந்த நேரத்தில் யாரையும் பெயர் சொல்லிக் கூப்பிடக் கூடாது. கூப்பிட்டால் அந்தப் பெயர் அவளிடம் போய்விடும். பெயருக்குரியவர் பதில் கொடுத்துவிட்டால் அவரும் போய்விடுவார்.

"எங்கே போவாங்க?"

"அவ மடிக்கு. செத்தும் போவல, உசுரோடவும் இல்ல. அவ அப்டித்தான் வச்சிக்கினு இருப்பா."

பரிகாரமாக, அமாவாசை வரை தம்பி மகளின் பெயரை யாரும் சொல்லக் கூடாது என்று முடிவானது. அதனால் நானும் அதை இங்கே எழுதவில்லை. அமாவாசை முடிந்தும் எழுத எனக்குக் கை வரவில்லை.

பெட்டியைக் கொண்டுவந்து போட்ட ஆட்டோக்காரரிடம், ஏன் அப்படி நடுவழியில் நிறுத்தினீர்கள் என்று கேட்டேன். "லைட்டு போடக்கூடாது. லைட்டு இல்லாம ஓட்னா போலீஸ் புட்ச்சிக்கும். அப்ப நிறுத்தறதுதானே?" என்றார். அதில் குறை சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை.

மறுநாள் விடியுமுன்னே காந்தா என்னைக் காசிமேட்டுக்கு இழுத்துப் போனாள். அவள் மீன் எடுத்து விற்பவள். ஏலம் விடுகிறவர் வாயிலிருந்து வந்தது தமிழ்தான் என்று சத்தியம் செய்தார்கள். எனக்கு ஒரு சொல் பிடிபடவில்லை. கூடைகளுக்கு நடுவே வழுக்கி விழப்போனவளை ஒரு ராயபுரத்துக்காரப் பெண் பிடித்தாள். கழுத்தில் சிலுவை, இடுப்பில் கத்தி. "பாத்து வாக்கா, சிங்கப்பூர்ல தர இப்டி இருக்காது இல்ல?" என்றாள். நான் மலேசியா என்றேன். "ரெண்டும் ஒண்ணுதானே" என்று சொல்லிவிட்டு வவ்வால் மீனை அறுக்கப் போய்விட்டாள். எங்கள் அரசாங்கங்கள் இரண்டும் இதைக் கேட்டால் வருத்தப்படும்.

காலையில் இட்லியும் வடகறியும். வடகறியைப் பற்றி ஒரு சாப்பாட்டுக் கடைக்காரியாகச் சொல்கிறேன்: இதை ஏன் நாங்கள் கடல் தாண்டும்போது கூட எடுத்துப் போகவில்லை என்று முன்னோர் மேல் கோபம் வந்தது. மதியமே காந்தா ஊருக்கு ரயில் ஏறிவிட்டாள். கருக்கலுக்குள் கரைக்குப் போயாக வேண்டுமாம். நாலு வருஷத்தில் ஒரு நாள் தவறியதில்லையாம். எனக்கு ராயபுரத்தில் அத்தோ சாப்பிட வேண்டியிருந்தது. பர்மாவிலிருந்து வந்தவர்கள் கொண்டுவந்த நூடுல்ஸ். பொரித்த வெங்காயமும் புளியும் போட்டுக் கையாலேயே பிசைந்து தருகிறார்கள். பினாங்கில் இதன் ஒன்றுவிட்ட அண்ணன் தம்பிகளை நிறையச் சாப்பிட்டிருக்கிறேன். மூக்கு முட்டத் தின்றேன்.

அதற்குத் தண்டனை போல ரயில் கொருக்குப்பேட்டையைத் தாண்டாமல் நின்றது. சரக்கு ரயில் போக வேண்டுமாம். ஜன்னல் வழியே வெளிச்சம் மெல்லக் கரைந்தது. எதிர் இருக்கையில் இரண்டு பெண்கள் தெலுங்கில் பேசிக்கொண்டிருந்தார்கள். எனக்குத் தெரியாது என்று நினைத்துத் தாராளமாகவே பேசினார்கள். எனக்கு அம்மா வீட்டுப் பேச்சு அது.

"அந்த முகத்துவாரத்துப் பக்கம் சாயங்காலம் போகாதே. போனாலும் யார் கூப்பிட்டாலும் திரும்பிப் பார்க்காதே" என்றாள் மூத்தவள்.

"பார்த்தால் என்ன?"

"என் மைத்துனனைக் கூப்பிட்டது. 'என்ன' என்றானாம். வீட்டுக்கு வந்துவிட்டான். சாப்பிடுகிறான், வேலைக்குப் போகிறான். ஆனால் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்ப மாட்டேன் என்கிறான். அது தன் பெயர் என்றே அவனுக்குத் தெரியவில்லை."

சின்னவள் சிரித்தாள். மூத்தவள் சிரிக்கவில்லை. ரயில் பெட்டியில் எங்கேயோ ஒரு குழந்தையை அதன் அப்பா பெயர் சொல்லிக் கூப்பிட்டார், நான் காதைப் பொத்திக்கொண்டேன். ஊருக்கு வந்து ஒரே ஒரு நாள்தான் ஆகியிருந்தது, அதற்குள் எனக்கும் தொற்றிக்கொண்டது.

அடுத்த நாள் கருக்கலம்மாவைப் பார்க்கப் போனோம். கோயில் என்று தேடினால் கிடைக்காது. ஆறு கடலில் சேரும் இடத்தில், சாம்பலும் சேறுமாகக் கிடக்கும் கரையில், பழைய கட்டுமரத்தின் இரண்டு கட்டைகளை நட்டுவைத்திருக்கிறார்கள். மேலே குறுக்காக ஒன்று. அவ்வளவுதான். ஒரு வாசல். கதவு இல்லை, சுவர் இல்லை, சிலை இல்லை. இந்தப் பக்கம் நின்றால் கடல் தெரியும், அந்தப் பக்கம் நின்றால் புகைபோக்கிகள் தெரியும்.

கற்பூரம் கிடையாது, தீபம் கிடையாது. படையல்தான் என்னை நிலைகுலைய வைத்தது. பாதி பழுத்த செங்காய் வாழை. ஆறும் கடலும் கலந்த உப்புத் தண்ணீர் ஒரு செம்பு. அரைவேக்காட்டுச் சோறு. வேண்டுமென்றே பாதியில் இறக்கியது. முப்பது வருஷமாகச் சோறு வடிக்கிற எனக்கு அதைப் பார்த்ததும் உடம்பு கூசியது. பிரசாதம் என்று ஒரு பிடி கொடுத்தார்கள். நடுவில் அரிசி நறுக்கென்று கடிபட்டது. இதையும் தம்பி குறை சொல்லித்தான் தின்றிருப்பான் என்று நினைத்துக்கொண்டே விழுங்கினேன்.

குப்பத்து நாட்டார் அங்கே இருந்தார். ஊருக்குத் தலைவர் அவர்தான். சட்டை போடாத, கறாரான மனிதர். பெயர் சொல்லும் முறையை வீட்டு வாடகை பேசுவது போல நிதானமாகச் சொன்னார்.

"அமாவாச அன்னிக்கு இந்த வாசல்ல நின்னுகினு கடலப் பாத்து ஒரு தபா கூப்டணும். ஒரே தபா. ஊர்க்காரங்க அல்லாரும் காத மூடிக்குவோம். உன் உள்ளங்கை ரேகை உனக்கே தெரியாம போற வரைக்கும் நிக்கணும். பதில் வர்லன்னா ஆள் போயாச்சி. வெளக்கு ஏத்திக்கலாம்."

"வந்தால்?"

"வந்தா அவ மடில கீறான்னு அர்த்தம். வெளக்கு கெடையாது. இன்னும் எத்தினி வருசமானாலும் கெடையாது." கைநீட்டி ஒரு வீட்டைக் காட்டினார். ஓடு சரிந்து, கதவில் பூட்டுத் துருப்பிடித்துக் கிடந்தது. "அந்த வூட்டு ஆளோட அண்ணங்காரன் கூப்ட்டான். பதில் வந்துது. பொண்டாட்டி இருட்லயே இருந்து செத்துச்சி."

"நீங்க யாருமே கேட்க மாட்டீங்கன்னா, பதில் வந்ததா இல்லையான்னு யார் சொல்றது?"

"நீதான் சொல்லணும்" என்றார் நாட்டார்.

அது வரைக்கும் இதெல்லாம் எனக்கு ஒரு சடங்கு. ஊர் ஊருக்கு ஒன்று இருக்கும். நாமும் போய் நின்று, சொன்னதைச் செய்துவிட்டு வருவோம். அந்தச் சொல்லைக் கேட்ட பிறகு அப்படி நினைக்க முடியவில்லை.

திரும்பும் வழியில் டீக்கடையில் ரசாக் பாயைப் பார்த்தேன். தெருவிளக்குப் போடுகிறவர், வண்ணாரப்பேட்டையிலிருந்து சைக்கிளில் வருகிறார். இந்தத் தெருவுக்கு மட்டும் கம்பத்தில் பழைய சுவிட்ச் பெட்டி. தொழுகையை முடித்து, ஒரு டீயும் குடித்துவிட்டுத்தான் விளக்கைப் போடுவாராம். அந்த இடைவெளிதான் கருக்கலம்மாவுக்கு.

"ஒரு நாள் சீக்கிரமே போட்டுவிட்டால் என்ன ஆகும் பாய்?"

"போட்டேன்மா, ஒரு தபா. வேலைக்குச் சேந்த புதுசு. சாமி பூதம்லாம் நம்ம கணக்குல கெடையாதேன்னு டக்குனு போட்டுட்டேன்." டீயை ஆற்றிக்கொண்டே சொன்னார். "தெருவுல இருந்தவங்க நெழல் அல்லாம் ஒயுங்காத்தான் வியுந்துது. ஆள் இல்லாத எடத்துலயும் வியுந்துது. அப்பால நானு அவசரப்படறது இல்ல."

இதைச் சொன்ன கையோடு பிஸ்கட்டை நனைத்துத் தின்றார். நான் என் டீயைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தேன்.

அன்று ராத்திரி தம்பி மகள் கொருக்குப்பேட்டைக்குக் கிளம்புமுன் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அங்கே அவள் புகுந்த வீடு தண்டவாளத்தை ஒட்டிய ஒற்றை அறை. சரக்கு ரயில் போகும்போதெல்லாம் தூளி கட்டும் கம்பியே ஆடுகிறது என்றாள். பிரசவத்துக்கு அம்மா வீட்டுக்கு வர அவளுக்கு எவ்வளவு ஆசை என்று அவள் கண்ணைப் பார்த்தாலே தெரியும்.

"அத்த, ஒண்ணு கேப்பேன். செய்வியா?"

"சொல்லு."

"எனக்காகப் பொய் சொல்லாத. அப்பா பதில் குடுத்தாருன்னா குடுத்தாருன்னு சொல்லிடு. நானு அந்த ரூம்லயே பெத்துக்கறேன். அவ மடில கீறவர இல்லன்னு சொல்லிட்டு அந்த வெளக்குல எம்புள்ள மூஞ்சியப் பாக்க எனக்கு முடியாது."

சொல்ல மாட்டேன் என்று அவள் கையைப் பிடித்துச் சொன்னேன். காந்தா உள்ளே பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். அவள் இது வரை தனக்கு என்ன வேண்டும் என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை.

அமாவாசை அன்று யாரும் கடலுக்குப் போகவில்லை. பகல் முழுக்க எனக்குச் சாப்பாடு பிடிக்கவில்லை. என் வாழ்நாளில் இது அபூர்வம். வெயில் தாழ்ந்ததும் கரையில் ஊரே கூடியது. ஆண்கள், பெண்கள், மடியில் குழந்தைகள். தம்பி மகள் ஒரு கவிழ்த்த படகின் மேல் உட்கார்ந்திருந்தாள், பக்கத்தில் காந்தா நின்றிருந்தாள். சூரியன் புகைபோக்கிகளுக்குப் பின்னால் இறங்கியது. பாங்குச் சத்தம் எங்கிருந்தோ மெல்லியதாக வந்து ஓய்ந்தது. தெருவிளக்குகள் எரியவில்லை. துறைமுகத்துப் பக்கம் மட்டும் வெள்ளை வெளிச்சம் பனி மாதிரி நின்றது. அது இங்கே வரை எட்டவில்லை.

நாட்டார் கையை உயர்த்தினார். எல்லாரும் காதைப் பொத்திக்கொண்டார்கள். குழந்தைகளின் காதுகளை அம்மாக்கள் பொத்தினார்கள். நூறு பேர் நிற்கிற இடத்தில் ஒரு செருமல்கூட இல்லை.

வாசலுக்குள் போய் நின்றேன். காலடியில் அரைச்சோறு. எதிரே தண்ணீர் ஈயம் மாதிரி அசையாமல் கிடந்தது. படகு இல்லை, பறவை இல்லை. இவனை நேரில் எத்தனை தடவை கூப்பிட்டிருப்பேன் என்று யோசித்தேன். மற்றதெல்லாம் தொலைபேசியில்தான். மூச்சை இழுத்துக்கொண்டு கத்தினேன்.

"எல்லப்பா!"

குரல் தண்ணீர் மேல் போனது. நிலக்கரி கொண்டுபோகும் கன்வேயர் பட்டையின் உறுமல் மட்டும் தொலைவில். என் உள்ளங்கையைப் பார்த்தேன். ரேகைகள் இன்னும் தெரிந்தன. அப்பாடா என்று நிம்மதி வந்தது. போய்விட்டான் என் தம்பி என்று முதல் தடவையாக நினைத்தேன்.

அப்போது கேட்டது.

"தோ வரேன்க்கா."

கத்தவில்லை. பக்கத்து அறையிலிருந்து, கையில் ஏதோ வேலையாக இருக்கிறவன் சொல்வது போல. கொஞ்சம் மூச்சு வாங்கிய மாதிரி, வலையை இழுத்துக்கொண்டே சொன்ன மாதிரி. வாராவாரம் என் காதில் ஒலித்த குரலில் துளி மாற்றமில்லை. பயத்தைவிட ஆசைதான் அதிகமாக இருந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன். அந்தச் சேற்றில் இறங்கி நடந்துவிடலாம் போல இருந்தது. வாசல் கட்டையை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். சில்லென்று இருந்தது.

மறுபடி கேட்கவில்லை. யாரும் வரவில்லை. ரேகைகள் ஒவ்வொன்றாக மறைந்தன. கடைசியில் உள்ளங்கை வெறும் நிழலாகத் தெரிந்தது.

நாட்டார் என் தோளைத் தொட்டார். எல்லாரும் கையை எடுத்திருந்தார்கள்.

"பதில் வந்துச்சா?"

இருட்டில் தம்பி மகளின் முகம் தெரியவில்லை. வயிற்றின் மேல் அவள் வைத்திருந்த கைகள் மட்டும் மங்கலாகத் தெரிந்தன. உண்மையைத்தான் சொல்வதாக இருந்தேன். சத்தியமாக வாய் அதற்குத்தான் திறந்தது. அந்தப் பூட்டிய வீட்டின் துருப்பிடித்த கதவு கண் முன் வந்தது. காந்தா இன்னும் எத்தனை வருஷம் ஈரக் காலோடு கரையிலிருந்து ஓடி வருவாள் என்று நினைத்தேன்.

"இல்லை" என்றேன்.

கூட்டத்தில் ஒரு பெருமூச்சு. தம்பி மகள் ஓவென்று அழுதாள். நாலு வருஷமாக அழாமல் வைத்திருந்த அழுகை அது. பெண்கள் அவளைச் சூழ்ந்துகொண்டார்கள். தெருவிளக்குகள் எரிந்தன. நான் எங்கே நிழல் விழுகிறது என்று பார்க்காமல் தலையைக் குனிந்தபடி நடந்தேன்.

வீட்டில் காந்தா பரணிலிருந்து காமாட்சி விளக்கை இறக்கினாள். புளி போட்டுத் தேய்த்து வைத்திருந்தாள். எப்போது தேய்த்தாள் என்று தெரியவில்லை. எண்ணெய் ஊற்றினாள். திரியைத் திரித்தாள். மகள் இன்னும் வெளியே பெண்களோடு இருந்தாள். நாங்கள் இரண்டு பேர் மட்டும்தான் உள்ளே. அவள் தீக்குச்சியைக் கிழிக்கப்போனபோது என்னால் பொறுக்க முடியவில்லை. அவள் கையைப் பிடித்தேன்.

"காந்தா, கொஞ்சம் இரு. நான் ஒன்று சொல்ல வேண்டும்."

"நானு காத மூடல அண்ணி" என்றாள்.

அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. விளக்கைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தெனம் கரையாண்ட போய் நிக்கறேனே, எதுக்குன்னு நெனச்சீங்க? நானு கூப்டறது கூட இல்ல. சொம்மா நிப்பேன். நாலு வருசமா தெனம் இத்தான் சொல்றாரு. தோ வரேன், தோ வரேன். மொத வருசம் தெனம் சோத்தப் போட்டு மூடி வச்சிருந்தேன். காலைல நாய்க்குக் கொட்டுவேன்." மூக்கை முந்தானையில் துடைத்துக்கொண்டாள். "அவரு வர்றதுக்குள்ள இவ புள்ள பெத்து, அது நடக்க ஆரம்பிச்சிடும் அண்ணி."

நான் பிடித்திருந்த கையை விட்டேன். அவள் குச்சியைக் கிழித்தாள். திரி முதலில் பிடிக்காமல் புகைந்தது, பிறகு பிடித்துக்கொண்டது. சுவரில் மாட்டியிருந்த எல்லப்பனின் படம் மஞ்சளாகத் தெரிந்தது. அதற்கு இன்னும் மாலை போடவில்லை.

"போதுமா, திரிய இன்னும் கொஞ்சம் ஏத்தட்டா?" என்று கேட்டாள்.

"ஏற்று" என்றேன்.